ஏழு நாள் கட்சி

ஜொகூர் பாரு, தனி அறை
4 மார்ச் 2025

அன்புள்ள ஃபெலிசியாவுக்கு,

அப்பா எழுதுவது. முதலில் மானக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். மற்றவர் வாயால் கேட்டால் அது இன்னும் பெரிதாக இருக்கும். போன வெள்ளிக்கிழமை சிங்கப்பூர் துவாஸ் ஃபேக்டரியிலிருந்து ஆட்களை ஏற்றிக்கொண்டு திரும்பும்போது, செகண்ட் லிங்க் எல்லைப் பாலத்து ஜாமில், உன் அப்பன் ஓட்டுநர் இருக்கையிலேயே கால்சட்டையை நனைத்துவிட்டான். அறுபத்தொரு வயதில்.

உடம்பு வேறு குளிரில் உதறிக்கொண்டிருந்தது. நான் ஸ்டீயரிங்கைப் பிடித்திருந்தேனா, அது என்னைப் பிடித்திருந்ததா, தெரியவில்லை. முன்சீட்டில் உட்காரும் எலைன் என்கிற பிள்ளை கீழே குனிந்து பார்த்துவிட்டு, "அங்கிள், ஏர்கோன் லீக் ஆவுது லா" என்றாள். "ஆமாம்மா, தவுக்கேகிட்ட சொல்லணும்" என்றேன். நல்ல பிள்ளை, மறுநாள் அவளே முதலாளியிடம் சொல்லிவிட்டாளாம். நம் டிரைவர் சபாபதி வந்து சொல்கிறான்: ஏர்கோன் ஆள் வந்து பஸ்ஸையே பிரித்துப் போட்டு, ஒரு கோளாறும் காணோமே என்று தலையைச் சொறிகிறானாம். நான் போர்வையை இழுத்து மூடிக்கொண்டேன்.

எப்படியோ கெலாங் பாத்தா ஷெட் வரைக்கும் பஸ்ஸைக் கொண்டுவந்து சேர்த்துவிட்டேன். அதற்குப் பிறகு நடந்தது சபாபதிக்குத்தான் தெரியும். அவன்தான் தன் வேனில் தூக்கிப் போட்டுக்கொண்டு இந்த ஆஸ்பத்திரிக்கு வந்தவன்.

சிறுநீர்ப் பாதையில் இருந்த கிருமி இரத்தத்தில் ஏறிவிட்டதாம். சாதாரண மருந்துக்கெல்லாம் மசியாத ஜாதியாம். அதனால் தனி அறை. உள்ளே வருகிறவர்கள் மஞ்சள் அங்கி, கையுறை எல்லாம் போட்டுக்கொண்டு வந்து, போகும்போது கழற்றி எறிந்துவிட்டுப் போகிறார்கள். புது மாப்பிள்ளைக்குக்கூட இந்த மரியாதை கிடையாது. காகிதமும் வெளியே போகக்கூடாதாம். மிஸி ஷர்மினி என்று ஒரு நர்ஸ் பிள்ளை, போனை பிளாஸ்டிக் பைக்குள் போட்டு எடுத்து வந்து, நான் எழுதுவதைப் படம் பிடித்து உனக்கு அனுப்புகிறாள். போனிலேயே பேசலாமே என்று கேட்பாய். போனில் நாம் பேசுவது உனக்கே தெரியும்: சாப்பிட்டியா, அங்க மழையா, சரி வைக்கிறேன். அவ்வளவுதான்.

இப்போது காய்ச்சல் இறங்கிவிட்டது, பயப்படாதே. ஒரு நாளைக்கு மூன்று வேளை டிரிப்பில் மருந்து போகிறது. இன்று டாக்டர் யுகேந்திரன் வந்தார். சின்ன வயசு, பெரிய கண்ணாடி. ஓர் ஆராய்ச்சி நடக்கிறதாம், சேர்கிறீர்களா என்று கேட்டார். இந்தக் கிருமிக்கு ஏழு நாள் மருந்து போதுமா, பதினாலு நாள் வேண்டுமா என்று பார்க்கிறார்களாம். யாருக்கு எது என்று கம்ப்யூட்டர்தான் சொல்லுமாம். "டாக்டர், என் மகள் பெர்த்துல இதே மாதிரி வேலைதான் செய்யுறா" என்றேன். பெயரைக் கேட்டுப் பார்த்தால் அதே ஆராய்ச்சி! இங்கே ஒரு கிளை, அங்கே ஒரு கிளை. நெஞ்சை நிமிர்த்தினேன், டிரிப் ஊசி நழுவிவிட்டது.

யோசித்துச் சொல்கிறேன் என்றிருக்கிறேன். நீ என்ன சொல்கிறாய்?

அப்பா
ஸ்டானிஸ்லாஸ்


பெர்த்
5 மார்ச் 2025

அப்பா,

சேராதீர்கள்.

முதலில் இதைச் சொல்லிவிட்டுத்தான் மற்றதெல்லாம். பதினாலு நாளும் மருந்து கொடுங்கள் என்று டாக்டரிடம் சொல்லுங்கள். இதை எழுதுவதே தப்பு. நான் இந்த ஆராய்ச்சியில் வேலை செய்கிறவள், யாரையும் சேர் என்றோ சேராதே என்றோ தள்ளக்கூடாது. ஆனால் இது ஆராய்ச்சிக்காரி எழுதுவதில்லை. உங்கள் மகள் எழுதுவது.

கடிதத்தைப் படித்துச் சிரித்தேன். ஏர்கோன் ஆள் வந்த இடத்தில் அழுதுவிட்டேன். பக்கத்து மேசைக்காரி காப்பி வாங்கிக் கொடுத்தாள்.

சபாபதி அங்கிளுக்குப் போன் பண்ணினேன். இது முதல் தடவை இல்லையாமே. இரண்டு வருஷத்தில் எத்தனையோ தடவை எரிச்சல், காய்ச்சல். பாலத்தில் இறங்க முடியாது என்று தண்ணீரே குடிக்காமல் ஓட்டுவது. ஒவ்வொரு டிரைவர் பஸ்ஸிலும் பாதிப் பட்டை கேப்சூல் கிடக்குமாம். ஒருவருக்கு எரிச்சல் நின்றால், மிச்சம் அடுத்தவருக்காம். "நாங்க எல்லாம் ஒண்ணாதாம்மா சாப்பிடுவோம், மருந்தும் அப்படித்தான்" என்று பெருமையாகச் சொல்கிறார். என்ன மருந்து, எந்த நோய்க்கு என்று யாருக்கும் தெரியாது. பச்சைக் கலர், சிவப்புக் கலர், அதுதான் பெயர். அந்தக் கிருமிக்கு நீங்கள் எல்லோரும் சேர்ந்து பாடம் சொல்லிக் கொடுத்திருக்கிறீர்கள் அப்பா. அது நன்றாகப் படித்துவிட்டது.

என்னிடம் ஏன் ஒரு தடவைகூடச் சொல்லவில்லை? சாப்பிட்டியா என்று கேட்டேனே, அப்போது சொல்லியிருக்கலாமே.

பதினாலு நாள். தயவு செய்து.

ஃபெலி


ஜொகூர் பாரு
6 மார்ச் 2025

அன்பு மகளே,

உன் கடிதத்தை மிஸி ஷர்மினி சத்தமாகப் படித்துக் காட்டினாள், என் மூக்குக் கண்ணாடி பஸ்ஸில் கிடக்கிறது. "பாதிப் பட்டை" வந்த இடத்தில் படிப்பதை நிறுத்தி என்னை ஒரு பார்வை பார்த்தாள். நீயே நேரில் வந்து அடித்திருக்கலாம்.

ஏசினதை வாங்கிக்கொண்டேன். ஆனால் ஆறாம் வகுப்பு மூளைக்கு ஒரு சந்தேகம். எரிச்சல் நின்றதும் பாதியில் நிறுத்தினேன் என்று நீ ஏசுகிறாய். டாக்டரோ ஏழு நாளில் நிறுத்திப் பார்க்கலாமா என்று அவரே கேட்கிறார். அப்படியென்றால் நான் ஆராய்ச்சியை உங்களுக்கெல்லாம் முன்னாலேயே ஆரம்பித்துவிட்டேனா? டாக்டரிடம் கேட்டேன். விழுந்து விழுந்து சிரித்துவிட்டு, "அங்கிள், நீங்க செஞ்சது டிக்கம்" என்றார். சின்ன வயதில் மளிகைக் கடையில் சீட்டுக் கிழித்துப் பரிசு பார்ப்போமே, அது. "கம்ப்யூட்டரும் சீட்டுதானே குலுக்குது டாக்டர்?" என்றேன். "ஆமா, ஆனா எந்தச் சீட்டு வந்தாலும் நாங்க பக்கத்திலேயே நின்னு பாப்போம், வர்றத எழுதி வைப்போம். அதான் வித்தியாசம்" என்றார்.

அதிருக்கட்டும். எனக்கு உறுத்துவது வேறு. நீ தினமும் யாரோ ஒருவருடைய அப்பா படுத்திருக்கும் கட்டில் பக்கத்தில் போய் உட்கார்ந்து, சேர்கிறீர்களா என்று கேட்கிறாய். உன் அப்பா படுத்தால் மட்டும் சேராதே என்கிறாய். உனக்கு உண்மையிலேயே எது நல்லது என்று தெரியுமா? தெரிந்தால், மற்ற அப்பாக்களிடம் ஏன் சொல்லவில்லை? தெரியாது என்றால், என்னிடம் ஏன் இவ்வளவு உறுதியாகச் சொல்கிறாய்?

கோபித்துக்கொள்ளாதே. உன்னைக் குற்றம் சொல்லவில்லை. பஸ் ஓட்டுகிறவன், யாரை ஏற்றினாலும் ஒரே பிரேக்தான் போடணும், அந்தப் பழக்கத்தில் கேட்கிறேன்.

ஒன்று செய். முன்பின் தெரியாத ஒரு கிழவனுக்கு எப்படிச் சொல்வாயோ அப்படியே எனக்கு எழுது. கிழவன் கொஞ்சம் மந்தம், ஆனால் சொன்னால் புரிந்துகொள்வான்.

நேற்று சாம்பல் புதன். ஃபாதர் வார்டுக்கு வந்தார், அவருக்கும் மஞ்சள் அங்கி மாட்டிவிட்டார்கள். என் நெற்றியில் சாம்பல் இட்டது ரப்பர் கையுறை.

அப்பா


பெர்த்
6 மார்ச் 2025

மதிப்பிற்குரிய திரு. ஸ்டானிஸ்லாஸ் அவர்களுக்கு,

வணக்கம். என் பெயர் ஃபெலிசியா. இந்த ஆராய்ச்சியில் நோயாளிகளோடு பேசுவது என் வேலை.

உங்கள் இரத்தத்தில் வந்திருக்கும் கிருமிக்கு எத்தனை நாள் மருந்து போதும் என்று எங்களுக்குத் தெரியாது. தெரிந்தது போல நாங்கள் நடிக்க மாட்டோம். பழக்கத்தால்தான் பதினாலு நாள் கொடுத்து வருகிறோம். அதிக நாள் கொடுத்தால் உடம்பில் இருக்கும் மற்றக் கிருமிகளும் அந்த மருந்துக்குப் பழகிக்கொள்ளலாம், வயிறு கெடலாம், ஊசி குத்திய கை வீங்கலாம். குறைந்த நாள் கொடுத்தால் சிலருக்கு நோய் திரும்பி வரலாம். எது பெரிய ஆபத்து என்று கண்டுபிடிக்கத்தான் உங்களைக் கேட்கிறோம். காய்ச்சல் இறங்கி, உடம்பு தேறுகிறவர்களை மட்டும்தான் கேட்கிறோம்.

வேண்டாம் என்று சொன்னால் யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள். உங்கள் சிகிச்சை அப்படியே நடக்கும். சேர்ந்த பிறகும் எந்த நாளும், காரணம் சொல்லாமல், விலகிக்கொள்ளலாம்.

இதுவரை நான் எல்லோரிடமும் சொல்வது. இதற்கு மேல் சொன்னதில்லை.

போன வருஷம் ஓர் இத்தாலியத் தாத்தா, இதையெல்லாம் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "உன் அப்பாவாக இருந்தால் என்ன செய்வாய்?" என்று கேட்டார். நான் கண் சிமிட்டாமல், "சேரச் சொல்வேன்" என்றேன். அவர் என் கையைத் தட்டிக்கொடுத்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

அப்பா, நான் சொன்னது பொய் என்று எனக்கு நேற்றுதான் தெரிந்தது.

வேண்டாம் என்று எழுதினதைத் திரும்ப வாங்கிக்கொள்கிறேன். பாதி மனதோடுதான். முடிவு உங்களுடையது.

ஃபெலி


ஜொகூர் பாரு
8 மார்ச் 2025

அன்பு மகளே,

நீ அந்த இத்தாலிக்காரரிடம் பொய் சொன்னதாக இனிமேல் நினைக்க வேண்டாம். உன் அப்பன் சேர்ந்துவிட்டான். ஆகவே நீ சொன்னது சரியாகிவிட்டது. கொஞ்சம் தாமதம், அவ்வளவுதான். நான் ஓட்டும் பஸ்ஸும் அப்படித்தானே.

டாக்டர் யுகேந்திரன் ஒவ்வொரு பக்கமாகப் படித்துச் சொல்லி, புரிந்ததா புரிந்ததா என்று கேட்டார். மூன்றாவது தடவை கேட்டபோது, "டாக்டர், புரியலன்னா என் மகள் மறுபடியும் எழுதிடுவா, விடுங்க" என்றேன்.

கம்ப்யூட்டர் ஏழு என்றது. கதவுக்கு வெளியே நின்ற இரண்டு மிஸிகள் கை தட்டினார்கள். எதற்கு என்று அவர்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. கிருமிக்கு ஏற்ற மருந்து தொடங்கியது போன ஞாயிற்றுக்கிழமைதான், இன்றோடு ஏழு நாள் முடிகிறது. ஆகவே உன் அப்பன் இனி ஏழு நாள் கட்சி. மாலையில் சபாபதி வருகிறான், ஸ்கூடாய் வீட்டுக்குப் போகிறேன்.

அப்பா


பெர்த்
10 மார்ச் 2025

அப்பா,

நீங்கள் சேர்ந்ததை என் மேலதிகாரியிடம் சொல்லிவிட்டேன். உங்கள் சம்பந்தப்பட்ட எதையும் நான் பார்க்கக்கூடாது, கேட்கவும் கூடாது. அதனால் நீங்கள் எப்படி இருக்கிறீர்கள் என்று எனக்கு யாரும் சொல்ல மாட்டார்கள். நீங்கள்தான் சொல்ல வேண்டும்.

தண்ணீர் குடியுங்கள். பஸ் ஓட்டாதீர்கள். உடம்பு லேசாகச் சுட்டாலும், குளிர் வந்தாலும், உடனே மருத்துவமனைக்குப் போன் பண்ணுங்கள். உடனே என்றால் மறுநாள் இல்லை. பக்கத்து மாமி கடை ரொட்டிச் சானாய் தின்றுவிட்டு இல்லை.

அந்த இத்தாலியத் தாத்தா நன்றாக இருக்கிறார். போன வாரம் வந்திருந்தார். உங்கள் வரியைப் படித்த பிறகுதான் என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடிந்தது.

ஃபெலி


ஸ்கூடாய்
19 மார்ச் 2025

அன்பு மகளே,

இப்போது படம் பிடிக்க ஆளில்லை, நானே பிடிக்கிறேன். விரல் விழுந்தால் மன்னித்துக்கொள்.

வீட்டில் எல்லாம் சுகம். டிவியோடு பேசுகிறேன், அது பதில் சொல்கிறது, ஆனால் நான் கேட்டதற்கு இல்லை.

உனக்கு ஒரு சந்தோஷச் செய்தி. ஆராய்ச்சிப் பரீட்சையில் உன் அப்பன் பாஸ். நேற்று மருத்துவமனையிலிருந்து போன் வந்தது. காய்ச்சல் உண்டா, குளிர் உண்டா, எரிச்சல் உண்டா என்று வரிசையாகக் கேட்டாள் அந்த மிஸி. எல்லாவற்றுக்கும் இல்லை இல்லை என்று முத்து முத்தாகப் பதில் சொன்னேன். வெப்பமானி வைத்துப் பார்க்கச் சொன்னாள். முப்பத்தாறு புள்ளி எட்டு!

உன்னிடம் மட்டும் சொல்கிறேன். திங்கட்கிழமையிலிருந்து கொஞ்சம் சூடுதான். அதனால் போன் வருகிற நாள் பார்த்து, முன்கூட்டியே இரண்டு பனடோல் காய்ச்சல் மாத்திரை போட்டுக்கொண்டேன். படிக்காதவனுக்கும் மூளை உண்டு பார்த்தாயா? சபாபதிதான் கெடுக்கப் பார்த்தான். சோறு வாங்கி வந்தவன் நெற்றியைத் தொட்டுவிட்டு, "டேய் ஸ்டானி, அடுப்பு மாதிரி கொதிக்குதுடா. வா, ஆஸ்பத்திரிக்குப் போலாம்" என்றான்.

"வாய மூடுடா. பிள்ளைக்குப் பரீட்சை நடக்குது."

"எந்தப் பிள்ளைக்கு? ஃபெலிக்கா? அது படிச்சு முடிச்சு எத்தன வருசம் ஆச்சு!"

"இது வேற பரீட்சை. இதுல நான்தான் விடைத்தாள்."

"அலமாக்! விடைத்தாளுக்குக் குளிர் எடுக்குது பாரு, கை நடுங்குது" என்று போர்வையை எடுத்துப் போட்டான். கோபித்துக்கொண்டு போய்விட்டான். நாளைக்கு வருவான்.

நீ அந்த இத்தாலிக்காரரிடம் கொடுத்த வாக்கு வீண் போகக்கூடாது. இரண்டு மூன்று நாளில் இது தானாக இறங்கிவிடும். நீ கவலைப்படாதே.

அப்பா


19 மார்ச்

அப்பா போனை எடுங்கள். எடுங்கள்.

சபாபதி அங்கிள் வேனோடு வந்துகொண்டிருக்கிறார். கதவைத் திறங்கள். பனடோல் போடாதீர்கள். டாக்டரிடம் எல்லாவற்றையும் சொல்லுங்கள், எனக்கு எழுதினதை அப்படியே காட்டுங்கள்.

போனை எடுங்கள் அப்பா.


பெர்த்
22 மார்ச் 2025

அப்பா,

போனில் கத்தினதற்கு மன்னிப்புக் கேட்கப் போவதில்லை. அப்படிக் கத்தினதில் எனக்கே தொண்டை கட்டிவிட்டது, அது போதும்.

இது பரீட்சை இல்லை. இதில் பாஸும் இல்லை, ஃபெயிலும் இல்லை. ஏழு நாள் ஜெயிக்க வேண்டும் என்று நாங்கள் யாரும் பந்தயம் கட்டவில்லை. உங்களுக்குக் காய்ச்சல் வந்தால் அது எங்களுக்குக் கிடைத்த ஒரு பதில். ஒருவருடைய காய்ச்சல் எதையும் தீர்மானித்துவிடாது. ஆனால் உங்களைப் போல நல்ல மனசுள்ள பத்து அப்பாக்கள் பனடோல் போட்டுக்கொண்டு சிரித்தால், ஏழு நாள் போதும் என்று நாங்கள் உலகத்துக்கே சொல்லிவிடுவோம். எங்கேயோ ஒரு டிரைவர் அதை நம்பி வீட்டுக்குப் போவார். அவருக்கு ஒரு சபாபதி இருப்பாரா, சொல்லுங்கள்.

என் வாக்கைக் காப்பாற்றப் பார்த்தீர்கள். எனக்கு அது புரியாமல் இல்லை. அது புரிந்ததால்தான் இன்னும் கோபம் வந்தது. எனக்காகச் செத்துப்போய்விடுவீர்கள் போலிருக்கிறதே, சிரித்துக்கொண்டே.

இப்போது எப்படி இருக்கிறீர்கள்? நிஜமாக.

ஃபெலி


ஜொகூர் பாரு, அதே தனி அறை
24 மார்ச் 2025

அன்பு மகளே,

நிஜமாக எழுதுகிறேன்.

முதல் இரண்டு நாள் மோசம். பிரஷர் இறங்கிவிட்டது, நாலைந்து பேர் கட்டிலைச் சுற்றி நின்றார்கள், அதில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. பயமாக இருந்தது. இன்று பரவாயில்லை, பாதி இட்லி சாப்பிட்டேன். அதே கிருமிதானாம். டாக்டர் யுகேந்திரன் ஸ்கேன் எடுத்துப் பார்த்தார். வயதான ஆண்பிள்ளைகளுக்குச் சிறுநீர்ப் பைக்குக் கீழே ஒரு சுரப்பி வீங்குமாமே, அதற்குள் போய் ஒளிந்துகொண்டிருக்கிறது. அது அங்கே ஒளிய, நான் வீட்டில் ஒளிய, இரண்டு பேரையும் ஒரே நாளில் பிடித்துவிட்டார்கள். இந்தத் தடவை மருந்து பல வாரம் போகுமாம்.

"அங்கிள், ஏன் மறைச்சீங்க?" என்று டாக்டர் கேட்டார். "மாலு லா டாக்டர், வெட்கமாப் போச்சு" என்றேன். பனடோல், முப்பத்தாறு புள்ளி எட்டு, எல்லாவற்றையும் சொன்னேன். ஏசுவார் என்று பார்த்தால், பக்கத்தில் உட்கார்ந்து அமைதியாக எழுதிக்கொண்டு, கடைசியில் "தேங்க்ஸ் அங்கிள்" என்றார். கெட்ட செய்திக்கு நன்றி சொல்லும் தொழிலை உலகத்திலேயே நீங்கள் இரண்டு பேர்தான் செய்கிறீர்கள்.

சபாபதியும் மற்ற டிரைவர்களும் பஸ் பஸ்ஸாகத் தேடி, கிடந்த கேப்சூலையெல்லாம் ஒரு பையில் போட்டு, ஃபார்மசியில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டார்களாம். "பச்சை, சிவப்பு, மஞ்சள், எல்லாம் இருந்துச்சுடா, தீபாவளி மத்தாப்பு மாதிரி" என்கிறான். இனி யாருக்கு எரிந்தாலும் முதலில் கிளினிக், பாலத்துக்கு முன்னால் ஓரிடத்தில் பத்து நிமிஷம் பஸ்ஸை நிறுத்த தவுக்கேயிடம் கேட்பது, என்று பேசி வைத்திருக்கிறார்கள். தவுக்கே முணுமுணுத்தானாம். எலைன்தான் பஸ்ஸிலிருந்து இறங்கி வந்து, "அங்கிளுங்க நிறுத்தட்டும், எங்களுக்கும்தான் அவசரம் வருது" என்று பேசினாளாம்.

நிஜமாக என்று கேட்டாயே, இதையும் சொல்கிறேன். என்னைத் திரும்ப இங்கே தள்ளிக்கொண்டு வந்தபோது, மிஸி ஷர்மினி அங்கிக் கயிற்றைக் கட்டிக்கொண்டே, "அங்கிள், மறுபடியும் வந்துட்டீங்களா?" என்றாள். அந்த நிலைமையிலும் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. ஸ்கூடாய் வீட்டில் காலையிலிருந்து ராத்திரி வரைக்கும் என் பெயரைச் சொல்லிக் கூப்பிட ஆளில்லை. உன் அம்மா போன பிறகு அந்த வீட்டில் சத்தம் போடுவது நான் ஒருவன்தான், அதுவும் செருப்புச் சத்தம்.

நேற்று போனில் நீ, "நான் வரட்டுமா பா?" என்று கேட்டாய். "எதுக்கும்மா, லீவை ஈஸ்டருக்கு வச்சிக்க, இங்க எனக்கு ராஜ மரியாதை" என்று சட்டென்று சொல்லிவிட்டேன். நீயும் சரி என்று வைத்துவிட்டாய். வைத்த பிறகும் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. சொல்ல வாயெடுத்தேன், அதற்குள் மிஸி வாயில் வெப்பமானியை வைத்துவிட்டாள் என்று ஒரு சாக்கு எழுதலாம் என்றுதான் இருந்தேன். ஆனால் இப்போதெல்லாம் அதைக் காதில்தான் வைக்கிறார்கள், உனக்குத் தெரியாததா.

வாம்மா.

அப்பா